மேஜருக்குப் பக்கத்து இடம்

மேஜரும் நானும் கரங்கான் பக்கத்தில் ஒரே தோட்டத்துத் தமிழ்ப்பள்ளியில் படித்தவர்கள். ஆறாம் வகுப்போடு நான் நின்றுவிட்டேன். அவர் மேலே படித்து ராணுவத்தில் அதிகாரியானார். பாய்மரப் படகு ஓட்டக் கற்றதும் அங்கேதான். தோட்டத்தில் எங்களுக்குத் தெரிந்ததெல்லாம் வாய்க்கால் தண்ணீர். அதில் குளித்தவர் ராணுவத்துக்காகக் கடலில் பந்தயம் ஓடினார் என்பதை என்னால் இன்னும் முழுதாக நம்ப முடிவதில்லை.

நான் கூலிம் ஹைடெக் பூங்காவுக்குத் தொழிற்சாலைப் பேருந்து ஓட்டுகிறேன். பேருந்தில் எல்லோரும் பேசுவார்கள், நான் பேசமாட்டேன்.

போன வருடம் மேஜர் என் வீட்டுக்கு வந்தார். அவரோடு படகில் ஓடிய கார்ப்பரல் சபாவுக்கு மாற்றலாகியிருந்தார். லங்காவியில் தேர்வுப் பந்தயம் நெருங்கிக்கொண்டிருந்தது. முதல் இரண்டு இடங்களுக்குள் வரும் அதிகாரிகளுக்கு ராணுவ அணியில் இடம். துணையாள் யாராகவும் இருக்கலாம். மறு வருடம் மேஜருக்கு ஓய்வு என்பதால், இதை விட்டால் அவருக்கு வேறு பந்தயம் இல்லை. என்னைத் துணையாளாக வரச் சொன்னார்.

"எனக்கு நீச்சலே சரியா வராது, சார்."

"லைஃப் ஜாக்கெட் இருக்குலா. எனக்கு வேண்டியது உன் தொப்பைதான்."

"கூட்டிட்டுப் போங்கண்ணே," என்று என் மனைவி அடுப்படியிலிருந்து குரல் கொடுத்தாள். "லீவு நாள்ல வீட்ல சும்மா படுத்துத்தான் கெடக்குறாரு."

தஞ்சோங் டாவாய் கடலில் பயிற்சி. காற்று பாயைத் தள்ளும்போது படகு ஒரு பக்கம் சாயும். இருவரும் உயர்ந்த பக்கத்து விளிம்பில் ஒட்டி உட்கார்ந்து, முதுகை வெளியே சாய்த்து, அதை நிமிர்த்த வேண்டும். அவர் சொன்னது எனக்குப் புரிந்தது. ஆனால் காற்று பலமாகி, "வா, இந்தப் பக்கம்!" என்று அவர் கத்தியபோது, என் உடம்பு அவருடைய காலடி வரைக்கும்தான் போனது. அங்கேயே குந்திக்கொண்டேன். என் அப்பா தோட்டத்து ஆபீசுக்குப் போனால் கணக்கெழுதும் கிராணிக்கு எதிரே பெஞ்சில் உட்காரமாட்டார், படிக்கட்டில்தான் உட்காருவார். அந்தப் பழக்கம் என்னிடமும் இருப்பது அதுவரை எனக்கே தெரியாது.

படகு கவிழ்ந்தது.

"ஏன்டா கீழ உக்காந்த?" கவிழ்ந்த படகைப் பிடித்துக்கொண்டு கேட்டார். மீசையிலிருந்து தண்ணீர் வழிந்தது.

"நீங்க மேல உக்காந்திருந்தீங்களே, சார்."

சிரித்தார். பிறகு கோபம் வந்துவிட்டது. "உன் மரியாதைய கரையில வச்சிட்டு வாடா. இங்க நீ கீழ உக்காந்தா நான் முங்கணும்."

அதன்பின் வந்த ஞாயிறுகளில் அவர் பக்கத்தில் உட்காரப் பழகினேன். தோளோடு தோள் இடிக்கும்போதெல்லாம் உடம்பு கூசியது. கூசிக்கொண்டே உட்கார்ந்தேன்.

லங்காவியில் நல்ல காற்று. பாய் பக்கம் மாறும்போதெல்லாம் நான் குனிந்து தாண்டி, அவர் சொல்வதற்கு முன்பே மேலே ஏறியிருந்தேன். கடைசிச் சுற்றில் நாங்கள் இரண்டாவதாக இருந்தோம். காற்று அங்கே கூடும் என்று நினைத்து மேஜர் படகை ஒரு குட்டித் தீவின் பக்கமாகத் திருப்பினார். கூடவில்லை. ஓர் இளம் கேப்டனின் படகு எங்களைத் தாண்டிப் போனது. மூன்றாவதாக வந்தோம்.

கரையில் அந்தக் கேப்டன் வந்து சல்யூட் அடித்தார். மேஜர் அவர் கையைக் குலுக்கி வாழ்த்தினார். கேப்டன் போனதும் மேஜர் ஈர உடுப்போடு மணலில் உட்கார்ந்துவிட்டார். பாயைக்கூட இறக்கவில்லை. நான் போய் அவர் பக்கத்தில் உட்கார்ந்தேன்.

"அந்தப் பக்கம் காத்து வரும்னு நெனச்சேன்டா," என்றார்.

"நானும் அப்படித்தான் நெனச்சேன்."

அவர் திரும்பி என்னைப் பார்த்தார். "உனக்கு என்னலா தெரியும் காத்தைப் பத்தி?"

"ஒண்ணும் தெரியாது."

அவர் தோள் குலுங்கியது. சிரிக்கிறாரா அழுகிறாரா என்று நான் திரும்பிப் பார்க்கவில்லை.