டொப் கியர் ஆசை

எங்கள் லொறிகளின் பின்னால் "மெல்லத்தான் வருவம்" என்று எழுதியிருக்கும். ஏன் அப்படி எழுதியிருக்கிறது என்று புதிதாகச் சேரும் டிரைவர்மார் எல்லோரும் கேட்கிறார்கள். ஆளுக்காள் சொல்லி வாய் உளைந்துவிட்டது. அதனால் எழுதி வைக்கிறேன். இதை வாசித்த பிறகும் பறக்கத்தான் வேண்டும் என்று நினைப்பவர் வேறு கம்பனி பார்க்கலாம். எனக்குக் கோபமில்லை.

1. ஸ்டாண்டில் முதல் நாள்

புளியந்தீவு வாடகைக் கார் ஸ்டாண்டில் என் மொறிஸ் மைனரைக் கொண்டுபோய் நிறுத்திய முதல் நாளே என்னைத் துரத்திவிட்டார்கள். சண்டை தொடங்கிச் சில வருடங்கள் ஆகியிருந்தன. எனக்கு அப்போதுதான் மீசை ஒழுங்காக முளைத்திருந்தது.

துரத்தியவர் ஸ்டாண்ட் தலைவர் பொன்னுத்துரை அண்ணன். அவரிடம் ஒரு ஒஸ்டின் கார் இருந்தது. அதில் ஏறுகிறவர்கள் நாவற்குடா போய்ச் சேருவதற்குள் ஒரு நல்ல தூக்கம் போட்டு எழும்புவார்கள்.

"தம்பி, நீ வாவிக்கரையில கார் ஓடுறத நான் கண்டனான். அது ஓட்டமா? பேய் கலைச்ச மாதிரி. உண்ட காரில ஏறுற சனம் சென்றியில வெடி வாங்கித்தான் சாகும். முதல்ல உண்ட காலைப் பழக்கிட்டு வா."

அவர் கண்டது உண்மை. வெயில் காலத்தில் வாவி வற்றிக் கரை இறுகும். அங்கே எண்ணெய்ப் பீப்பாய்களை வட்டமாக வைத்து நான் காரைச் சுற்றிச் சுற்றி ஓட்டுவேன். ஒரு பழைய சஞ்சிகையில் படம் பார்த்திருந்தேன். வெளிநாட்டில் சாதாரண வீட்டுக் கார்களை வட்டமாக ஓட்டி, ஒன்றையொன்று இடித்துப் பந்தயம் வைக்கிறார்களாம். அதற்கு ஸ்டொக் கார் ரேஸ் என்று பெயர். என்னிடம் இருந்ததும் சாதாரணக் கார்தான். அதுவும் எல்லாப் பக்கமும் ஏற்கனவே இடிபட்ட கார். தகுதிக்கு என்ன குறை?

குறை ஒன்றே ஒன்றுதான். வாவிக்கரை வட்டம் சின்னது. மூன்றாம் கியரைத் தாண்டமுன் பீப்பாய் வந்துவிடும். றோட்டில் ஏறினால் ஆமிக்காரர் வாகனம் சோதிக்கும் சென்றி வந்துவிடும். அந்தக் காருக்கு நாலு கியர். நாலாவதை, டொப் கியரை, நான் வீட்டு வாசலில் நிறுத்தி வைத்துப் போட்டுப் பார்த்திருக்கிறேனே தவிர ஓட்டத்தில் போட்டதே இல்லை. ஒரு தடவை, ஒரே ஒரு தடவை டொப் போட்டு ஓட வேண்டும். அந்த வயதில் வேறு பிள்ளைகள் என்னென்னவோ ஆசைப்பட்டார்கள். என் ஆசை இவ்வளவுதான்.

2. வேகமில்லாத ரேஸ்

சித்திரை வருடப்பிறப்பு விளையாட்டுப் போட்டியில் ஒரு கார் ரேஸ் வைக்கலாம் என்று எங்கள் ஊர்க் கழகத்துச் செயலாளர் தவம் மாஸ்டரை அரித்தெடுத்தேன். முட்டி உடைத்தலும் வழுக்கு மரமும் பார்த்துப் பார்த்து அவருக்கும் அலுத்திருந்தது. ஆனால் மைதானத்துக்குப் பக்கத்தில் ஆமி முகாம். அனுமதி கேட்க வேண்டும். நாங்கள் இருவரும் போனோம். அங்கே தமிழ் தெரிந்த பொலிஸ்காரர் ஒருவர் நடுவில் நின்று மொழிபெயர்த்தார்.

அதிகாரி நல்ல மனிதர். தேத்தண்ணி கூடத் தந்தார். சொன்னதுதான் விளங்கவில்லை.

"சேர் சொல்றாரு, ரேஸ் வைங்க, பிரச்சினை இல்ல. ஆனா வேகமா போக ஏலாது. வேகமா வாற வாகனத்துக்குச் சுடச் சொல்லி ஓடர் இருக்கு."

தவம் மாஸ்டர் கணக்குப் படிப்பிக்கிறவர். அவருக்கு இது பிடிபடவில்லை. "வேகமாப் போகாட்டி அது என்னெண்டு ரேஸ் ஆகும்?" என்று கேட்டார்.

பொலிஸ்காரர் கேட்டுவிட்டுத் திரும்பினார். "அது உங்கட பிரச்சினையாம்."

திரும்பி வரும் வழியில்தான் மாஸ்டருக்கு மூளை ஓடியது. சைக்கிளில் மெல்லோட்டம் வைக்கிறோம்தானே? காலை நிலத்தில் ஊன்றாமல் கடைசியாக வருகிறவனுக்குப் பரிசு. அதையே காரில் வைத்தால் என்ன? கார் நிற்கக் கூடாது. எஞ்சின் அணையக் கூடாது. கடைசியாக வருகிறவன் வெற்றி.

எனக்கு அழுகை வந்துவிட்டது. வேகத்துக்குப் பிறந்தவனை ஆமையோடு கட்டிவைத்த மாதிரி. ஆனால் பொன்னுத்துரை அண்ணன் கேள்விப்பட்டுச் சிரிசிரியென்று சிரித்தார். "நானும் இறங்குறன். நீ என்னை வெண்டா ஸ்டாண்டில எனக்குப் பக்கத்தில உனக்கு இடம்" என்றார். பிறகு நான் என்ன செய்வது? சோறு வேண்டுமே.

பழகினேன். ஒரு விதத்தில் ஏற்கனவே பழகியிருந்தேன். சென்றியில் பயணிகள் இறங்கி நடக்க வேண்டும், கார் அவர்களுக்குப் பின்னால் நடை வேகத்தில் ஊர வேண்டும். முதலாம் கியரில் அரைக் கிளச் பிடித்து, எஞ்சின் சும்மா ஓடும் வேகத்தைக் கூட்டிக் குறைக்கிற ஐட்லிங் ஸ்க்ரூவை எஞ்சின் அணைவதற்குச் சற்று முன் வரை தளர்த்தி வைத்தால், கார் மூச்சு விடுவது மட்டும் தெரியும்.

3. மோட்டார் வருது

அன்றைக்கு மூன்று வாகனங்கள். என் மொறிஸ், அண்ணனின் ஒஸ்டின், ஒரு பேக்கரியின் பாண் வான்.

டயர் நிற்கிறதா சுற்றுகிறதா என்று நின்றுகொண்டு பார்த்தால் தெரியாது. அதனால் நடுவரான தவம் மாஸ்டர் உடுத்த வெள்ளைச் சாரத்தோடு நிலத்தில் குப்புறப் படுத்து, கன்னத்தை மண்ணில் வைத்து டயரைப் பார்த்தார். கார் ஒரு முழம் போனால் அவரும் ஒரு முழம் தவழ்ந்தார்.

நான் இரண்டு காதிலும் பஞ்சு அடைத்திருந்தேன். சனம் கூக்காட்டினால் எனக்குக் கால் துடிக்கும், அக்சிலேட்டரை அமத்திவிடுவேன் என்று எனக்கே தெரியும்.

ஒலிபெருக்கியில் மைக் சிவம். வாவியில் தோணி ஓட்டம் நடந்தால் அவர்தான் அறிவிப்பாளர். "தோணி வருது, தோணி வருது!" என்று அவர் கத்தினால் செத்தவனும் எழும்பி நின்று பார்ப்பான். அவருக்கு 'கார்' என்ற சொல் மரியாதைக் குறைவு. தொடக்கத்திலிருந்தே "மோட்டார் வாகனம்" என்றுதான் சொன்னார். ஆனால் எல்லைக்கோடு கிட்டக் கிட்ட ஆளுக்கு உசார் ஏறிவிட்டது. 'வாகனம்' விழுந்துபோனது.

"மோட்டார் வருது! அந்தா மோட்டார் வருது!"

எங்கள் ஊரில் அந்த நாட்களில் மோட்டார் என்றால் ஒன்றுதான். முகாமிலிருந்தோ வாவிக்கு அக்கரையில் இருந்த இயக்கத்திடமிருந்தோ கூவிக்கொண்டு வந்து விழுகிற குண்டு. காரையும் அதே சொல்லால் சொல்லலாம் என்பதே எல்லோருக்கும் மறந்துபோயிருந்தது. மைதானம் முழுக்கச் சனம் தொப்பென்று விழுந்தது. பரிசு கொடுக்க வந்த பிரமுகர் மேசைக்குக் கீழே போனார். வழுக்கு மரத்தில் பாதி ஏறியிருந்தவன் அங்கேயே கண்ணை மூடிக்கொண்டான்.

எனக்கு ஒன்றும் கேட்கவில்லை. கண்ணாடியால் பார்த்தேன். அவ்வளவு சனமும் குப்புறக் கிடந்தது. என் புத்திக்கு எட்டியது இதுதான்: எல்லோருமே நடுவராகிவிட்டார்கள். இந்தப் போட்டி இவ்வளவு பிடித்துப்போய், ஊரே படுத்திருந்து என் டயரைப் பார்க்கிறது. பெருமையில் நெஞ்சு விம்மியது. இன்னும் கொஞ்சம் மெல்லமாகப் போனேன்.

பாண் வான்காரர் வானை விட்டுவிட்டு ஓடினார். வான் நின்றது, அவர் தோற்றார். பொன்னுத்துரை அண்ணன் ஓடவில்லை, அமத்தினார். முதலாம் கியர், இரண்டு, மூன்று என்று ஒஸ்டின் உறுமிக்கொண்டு எல்லைக்கோட்டைத் தாண்டி, மைதானத்தைத் தாண்டி, வாவிக்குள் போய் மட்காட் முட்டத் தண்ணீரில் நின்றது.

கடைசியாகக் கோட்டைக் கடந்தவன் நான். நிமிர்ந்து நின்று பார்க்க அங்கே ஓர் ஆள் இல்லை.

ஆமி ஜீப் பறந்து வந்தது. அதிகாரி அதே ஆள், பொலிஸ்காரரும் அதே ஆள். "மோட்டார் எங்க விழுந்தது?"

தவம் மாஸ்டர் மண்ணைத் தட்டிக்கொண்டு எழும்பினார். "மோட்டார் விழல்ல. மோட்டார் வந்தது."

"வந்தா விழத்தானே வேணும்?"

"அது அந்த மோட்டார். நாங்க சொன்னது இந்த மோட்டார்" என்று மாஸ்டர் என் காரைக் காட்டினார்.

பொலிஸ்காரர் தலையைச் சொறிந்தார். "சேர், மோட்டார் இல்லையாம். மோட்டாராம்."

அதிகாரி என் காரை ஒரு தடவை சுற்றி வந்தார். பிறகு அந்த ஜீப்பிலேயே கயிறு கட்டி ஒஸ்டினை இழுத்துத் தந்தார். பின்னேரம் அக்கரையிலிருந்து ஆள் வந்து, "அடிச்சது யார்?" என்று விசாரித்ததாம். இரண்டு பக்கமும் 'நாங்க அடிக்கல்ல' என்று சொல்ல, இரண்டு பக்கமும் அதை நம்பிய ஒரே மோட்டார் அதுதான்.

என் வெற்றியைச் சிலர் மறுத்தார்கள், சாட்சி இல்லை என்று. தவம் மாஸ்டர் விடவில்லை. "நீங்கதான் பயத்தில படுத்தீங்க. நான் முதலே படுத்துக் கிடந்தனான். டயர் நிக்கல்ல." எனக்கு ஓர் எவர்சில்வர் வாளி கிடைத்தது.

அண்ணனிடம் போனேன். முழங்காலுக்கு மேல் சேறு. "அண்ணன், டொப் போட்டீங்களா?"

"போட்டன் மனே."

"எப்பிடி இருந்தது?"

அவர் வாவியைத் திரும்பிப் பார்த்தார். "காத்து வந்துது" என்றார்.

வாளியை அந்த இடத்திலேயே எறியலாம் போல் இருந்தது. அவ்வளவு பொறாமை.

4. கண்ணாடியும் தயிரும்

அண்ணன் வாக்குத் தவறவில்லை. ஸ்டாண்டில் இடம் கிடைத்தது. மாவட்டத்திலேயே மெல்லமாகக் கார் ஓடுகிறவன் என்று பெயரும் கிடைத்தது. வேகத்துக்கு ஆசைப்பட்டவனுக்கு வாய்த்த பெயரைப் பாருங்கள்.

அந்தப் பெயரைக் கேட்டு வந்தவர் காத்தான்குடிச் சாலி காக்கா. கண்ணாடிக் கடை வைத்திருந்தார். யுத்தத்தில் படுக்காத வியாபாரம் அது. வெடி கேட்டால் யன்னல் உடையும், புதிதாகப் பூட்டுவார்கள், மறுகாலும் உடையும். கொண்டு போய்ச் சேர்ப்பதுதான் பாடு. அரைவாசி வழியிலேயே தூளாகிவிடும்.

முதல் பயணம் ஒரு பெரிய நிலைக்கண்ணாடி. காக்கா பின் சீட்டில் அதைப் பிள்ளையைப் போல் அணைத்துக்கொண்டு இருந்தார்.

"மனே, நான் இதுக்குள்ள உண்ட மூஞ்சியத்தான் பாத்துட்டு வருவன். மூஞ்சி ஆடினா இறங்கிடுவன்."

மூஞ்சி ஆடவில்லை. ஆனால் சென்றியில் கண்ணாடியை இறக்கி வைக்கச் சொன்னார்கள். முதலில் ஒரு சிப்பாய் தொப்பியைக் கழற்றித் தலை வாரினான். பிறகு அடுத்தவன் வந்தான். பிறகு வரிசை. ஒருவன் முகாமுக்குள் ஓடிப்போய்ச் சவர்க்காரமும் ரேசரும் கொண்டுவந்தான். பின்னேரம்வரை அந்தச் சென்றியில் ஒரு வாகனத்தையும் சோதிக்கவில்லை. எல்லோரும் மீசை வெட்டிக்கொண்டிருந்தார்கள். காக்கா மரத்தடியில் இருந்து, "இதுக்குக் கூலி கேட்டா பாவமாகுமா மனே?" என்று என்னைக் கேட்டார்.

கண்ணாடிக்குப் பிறகு தயிர்ச்சட்டி, பிறகு முட்டை, கொண்டை கலையக் கூடாத கலியாணப் பொம்பிளைகள், களுதாவளைப் பக்கத்துக் கலியாணங்களுக்குப் பலகாரம் அடுக்கிய அலுமாரி. ஒரு கார் இரண்டானது. பிறகு வான், பிறகு லொறி. கம்பனி என்று போர்ட் போட்டபோது நானே ஒரு சட்டம் வைத்தேன்: டொப் கியர் போடக் கூடாது. வேலைக்கு வருகிறவரின் பக்கத்துச் சீட்டில் ஒரு தயிர்ச்சட்டியை மூடாமல் வைத்து ஊர் சுற்றச் சொல்வேன். சீட்டில் தயிர் சிந்தினால் வேலை இல்லை. உங்களுக்கெல்லாம் அந்த மணம் மறந்திருக்காது.

சட்டம் வைத்தவனே அதை மீறினால் மற்றவர்கள் கேட்பார்களா? அதனால் நானும் போடவில்லை.

5. டொப்

யுத்தம் முடிந்து, வாவியோரம் நேராக, வழவழவென்று தார் போட்ட ஒரு காபட் றோட்டு வந்தது. இளம் பொடியன்கள் சித்திரை வருடப்பிறப்புக்கு அதில் உண்மையான கார் ரேஸ் வைத்தார்கள். நான் பிரதம விருந்தினராம். என் பழைய மொறிஸை ஓட்டி ரேஸைத் தொடக்கிவைக்க வேண்டுமாம்.

அன்று காலை எஞ்சினை நானே துடைத்தேன். ஐட்லிங் ஸ்க்ரூவை இறுக்கினேன். ஒருவரிடமும் சொல்லவில்லை. தலை நரைத்த வயதில் கலியாண மாப்பிள்ளைபோல் இரண்டு தடவை தலை வாரிக்கொண்டேன்.

பொன்னுத்துரை அண்ணனைப் பேரப்பிள்ளைகள் பிளாஸ்டிக் கதிரையில் கொண்டுவந்து இருத்தியிருந்தார்கள். பக்கத்தில் தவம் மாஸ்டர். மைக்கில் ஒரு இளம் பொடியன். நான் புறப்பட்டேன். முதலாம் கியர், இரண்டாம் கியர். இந்த முறை காதில் பஞ்சு இல்லை.

"இதோ, எங்கட பழைய மோட்டார் வருது! மோட்டார் வருது!"

பிளாஸ்டிக் கதிரைகள் கவிழ்ந்த சத்தம் கேட்டது. என் வயதுக்காரர் அத்தனை பேரும் நிலத்தில் கிடந்தார்கள். பொன்னுத்துரை அண்ணன் கதிரையோடு சாய்ந்து கிடந்தார். மாஸ்டர் இரண்டு கையாலும் தலையைப் பொத்தியிருந்தார். நானும் நிமிர்ந்து இருக்கவில்லை. என் தலை ஸ்டியரிங்குக்குக் கீழே இருந்தது. கால் தானாக அரைக் கிளச் பிடித்து, கார் ஊர்ந்துகொண்டிருந்தது.

இளசுகள் நின்றுகொண்டிருந்தார்கள். சிலர் கை தட்டியபடி நின்றார்கள், ஒன்றும் விளங்காமல்.

கொடி பிடித்திருந்த ஒரு பிள்ளை காரோடு சேர்ந்து நடந்து வந்து யன்னலால் எட்டிப் பார்த்தாள். "அங்கிள், ஏன் எல்லாரும் படுத்திருக்காங்க?"

அவளுக்கு அந்தச் சொல்லுக்கு ஓர் அர்த்தம்தான் தெரியும், எங்களுக்கு மறந்துபோன அர்த்தம்: கார். மற்றதைச் சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

"டயர் சுத்துதா எண்டு பாக்கிறாங்க மகள்."

அவள் குனிந்து உண்மையாகவே டயரைப் பார்த்தாள். "சுத்துது அங்கிள். நிக்கவே இல்ல."

எனக்குக் கண் நிறைந்துவிட்டது. ஒளிக்க ஒன்றுமில்லை, அழுதேன். பிறகு நிமிர்ந்து இருந்து அக்சிலேட்டரை அமத்தினேன். மூன்றாம் கியர். கிளச்சை மிதித்து, கையைக் கீழே இழுத்து, நாலாம் கியர்.

றோட்டு முடிந்து திருப்பிக்கொண்டு வந்தபோது எல்லோரும் எழும்பி மண் தட்டி, ஒருவரையொருவர் பார்த்துச் சிரித்துக்கொண்டிருந்தார்கள். பொன்னுத்துரை அண்ணனைக் கதிரையில் இருத்தியிருந்தார்கள். கிட்டப் போனேன்.

"எப்பிடி மனே?"

"காத்து வந்துது அண்ணன்."

இவ்வளவு காலத்தில் நான் படித்த பாடம் இதுதான்: எவ்வளவு மெல்லமாகவும் போகலாம், டயர் நிற்கக் கூடாது. நாளைக் காலையில் தயிர்ச்சட்டி லோட் இருக்கிறது. ஒருவரும் டொப் போட வேண்டாம். நான் போட்டது கம்பனிக் கணக்கில் வராது.