தோல்குனின் பத்து விரல்கள்

நரின் என்ற மலையூரின் சந்தையில் இறைச்சி வெட்டும் ஷர்ஷென், எலும்பைக் கொஞ்சம் தாராளமாக நிறுக்கும்போதெல்லாம் வாங்குபவரின் கவனத்தைத் திருப்ப ஏதாவது ஊர்ச்செய்தி சொல்வார். இந்த வசந்தத்தில் அவர் சொல்லிக்கொண்டிருந்தது இது: "நம்ம பஸ் ஸ்டாண்ட் உல்ஜான் இருக்காங்களே, குதிரைமேல தனியாச் சுத்தற பொண்ணப் பத்திப் புத்தகமாப் போட்டுத் தள்ளுறாங்களே, அவங்களுக்குக் குதிரையே ஏறத் தெரியாதாம்!" கேட்டவர்கள் எலும்பை மறந்து சிரித்தார்கள். இந்த ஊரில் ஒருவருக்கு எழுதப் படிக்கத் தெரியாது என்றால் பரிதாபப்படுவார்கள். குதிரை ஏறத் தெரியாது என்றால் பரம்பரையையே சந்தேகப்படுவார்கள்.

சரிபார்ப்பது சுலபம். பஸ் நிலையத்தில் இருப்பது ஒரே டிக்கெட் ஜன்னல். அதற்குப் பின்னால் காலை ஆறரை மணியிலிருந்து உல்ஜான் அக்கா இருப்பார். வயது ஐம்பத்தேழு. தடித்த கண்ணாடி, இரண்டு ஜோடிக் கம்பளிக் காலுறை, தலைத்துணிக்குள் செருகிய பென்சில். டிக்கெட் கேட்பவர்களிடம் முதலில் அவர் ஒரு தகவல் வாங்கிக்கொள்வார்.

"எங்க போற?"

"அத்-பாஷிக்கு, அக்கா."

"அங்க ஓநாய் பாத்திருக்கியா?"

"ஒரு தடவை."

"உன்னைப் பாத்ததும் எந்தப் பக்கம் திரும்புச்சு, இடமா வலமா?"

வரிசையில் பின்னால் நிற்பவர் கத்துவார்: "அக்கா, ஓநாய் நாளைக்கும் இருக்கும், வண்டி போயிடும்!"

பதில் கிடைத்த பிறகுதான் டிக்கெட் கிழியும். இடமா வலமா என்பது பழைய பயணிகள் பட்டியலின் பின்புறத்தில் பென்சிலில் ஏறும். இப்படித்தான் மூன்று புத்தகங்கள் உருவாயின. கையெழுத்துப் பிரதியைத் திருப்பினால் ஒவ்வொரு தாளின் மறுபுறத்திலும் என்றோ தலைநகர் பிஷ்கெக் போய் வந்தவர்களின் பெயர்கள் இருக்கும். உல்ஜான் அக்கா பிஷ்கெக் போனது இரண்டே முறை. வழியில் உள்ள தோலோன் கணவாயை இரண்டு முறையும் முகத்தைப் பிளாஸ்டிக் பைக்குள் வைத்துக்கொண்டே கடந்திருக்கிறார்.

அவருடைய கதாநாயகி தோல்குனுக்குப் பன்னிரண்டு வயது. காணாமல்போன குதிரையைத் தேடிப் போவாள், வெள்ளத்தில் கயிறு கட்டுவாள், திருடனின் காலணியை ஒளித்துவைத்து அவனைப் பனியில் வெறுங்காலோடு நிற்க வைப்பாள். நம் ஊர்க் கதைகளில் பையன்கள் மலைக்குப் போவார்கள், தங்கை டீ ஊற்றுவாள். இவர் கதையில் தங்கை மலைக்குப் போகிறாள், அண்ணன்கள் டீ ஊற்றிவிட்டு வாசலைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார்கள். ஊரில் பாதிச் சிறுமிகள் தோல்குன்போல ஒற்றைச் சடைக்கு மாறினார்கள். பிறந்தநாளுக்கு மடக்குக்கத்தி கேட்ட மகளைப் பள்ளிக்கூட மனநல ஆலோசகரிடம் கூட்டிப்போன தகப்பனும் உண்டு.

சென்ற ஆண்டு குழந்தைகள் தினத்தில் மேடையில் ஏற்றி அவருக்கு ஒரு சேணம் பரிசளித்தார்கள். நல்ல தோல், வெள்ளிக் குமிழ். ஜன்னலுக்குப் பின்னால் இருந்த முக்காலி உயரம் போதவில்லை என்பதால் அதன்மேல் சேணத்தைப் போட்டு உட்கார்ந்துகொண்டார். ஆக, நரினிலிருந்து புறப்படும் எவரும் முதலில் பார்ப்பது குதிரையில்லாத சேணத்தில் அமர்ந்து சில்லறை கேட்கும் ஒரு பெண்மணியை.

வதந்தியைப் பற்றி நேராகக் கேட்டால் நேராகவே பதில் வந்தது. "ஆமா, தெரியாது. ஆறு வயசுல ஏத்தி விட்டாங்க. அது கழுத்தத் திருப்பி என்னை ஒரு பார்வை பாத்துச்சு. அன்னையிலேர்ந்து அதுக்கும் எனக்கும் பேச்சு கிடையாது. அடுத்த ஆளு!"

வதந்தி உண்மை என்று தெரிந்ததும் விஷயம் முடிந்திருக்க வேண்டும். ஆனால் இத்தனை வருடம் யாருக்கும் தெரியாத ஒன்று திடீரென்று எப்படிக் கசிந்தது? ஷர்ஷெனைக் கேட்டால், சொன்னது வேன் ஓட்டும் குபாத் என்றார். குபாத்தைக் கேட்டால் கையை விரித்தான். "அக்காவேதான் சொன்னாங்க, போன நவம்பர்ல. நான் கேக்கவே இல்ல. வேற ஏதோ பேசிக்கிட்டு இருந்தோம்."

பேசிக்கொண்டிருந்தது ஒரு கூடாரத்தைப் பற்றி.

மூன்றாவது புத்தகத்தில் தோல்குன் பனிப்புயலில் வழி தவறி, இருட்டுகிற நேரத்தில் குமுஷ் கணவாயின் அடிவாரத்துக்கு வருகிறாள். அங்கே ஒரு சாம்பல் நிறக் கம்பளிக் கூடாரம். உள்ளே அடுப்பு எரிகிறது. யார் என்று கேட்காமலேயே ஒரு கிழவர் அவள் கையில் கிண்ணத்தைக் கொடுக்கிறார். அறுபத்தோராம் பக்கம். தேதி, அக்டோபர் மூன்று. அந்தக் கூடாரத்தை உல்ஜான் அக்காவுக்குக் கொடுத்தது குபாத். ஒரு ஜூலை மாதத்தில், வண்டி பழுதாகி நின்றபோது, ஜன்னலில் சாய்ந்துகொண்டு சொன்னான்: அடுப்பு இருக்கு, டீ இருக்கு, எந்நேரம் போனாலும் உள்ள வான்னு சொல்லுவாங்க. அவர் அதை எழுதிக்கொண்டார். மாதத்தைக் கேட்கவில்லை.

அக்டோபர் நான்காம் தேதி ஊரில் ஒரு செய்தி பரவியது. சைகல் என்ற பதின்மூன்று வயதுப் பெண், அத்தை வீட்டுக்குப் போகிற வழியில் தொலைந்துபோய், மலையில் ஓர் இரவு கிடந்து, தப்பிய குதிரையைத் தேடிப்போன இரண்டு பேர் கையில் விடியற்காலை அகப்பட்டாள் என்று. ஆஸ்பத்திரியில், பனியில் கருகிப்போன இடது காலில் இரண்டு விரல்களை எடுத்தார்கள். கேட்டவர்கள் பிள்ளை பிழைத்ததே பெரிது என்றார்கள். உல்ஜான் அக்காவுக்கு மட்டும் அந்த டிக்கெட் ஞாபகம் வந்தது. முந்தின நாள் காலை குபாத்தின் வேனில் குமுஷ் பக்கக் கடைசிக் கிராமத்துக்கு ஒன்று. ஒற்றைச் சடை. பெயர் எழுதும்போது "எதுக்குப் போற?" என்று கேட்டதற்கு "அத்தை வீட்டுக்கு" என்றாள். "ஜன்னல் பக்கம் உக்காரு, மலை நல்லாத் தெரியும்" என்று இவர்தான் சொல்லி அனுப்பினார். செய்தி கேட்ட அன்று மாலை வீட்டுக்குப் போய் அறுபத்தோராம் பக்கத்தைப் பிரித்துத் தேதியைப் பார்த்தார். அதன் பிறகு குபாத்திடம் ஒரு கேள்வி கேட்க ஒரு மாதம் ஆயிற்று.

"குபாத், அன்னிக்குச் சொன்னியே, குமுஷ் அடிவாரத்துல ஒரு கூடாரம்..."

"என் மாமனாரோடது."

"அக்டோபர்ல இருக்குமா?"

குபாத் ஸ்டியரிங்கைத் தட்டித் தட்டிச் சிரித்தான். "அக்டோபரா! செப்டம்பர் ஆரம்பத்துலயே மேய்ச்சல் முடிஞ்சு ஆடெல்லாம் கீழ இறங்கிடும் அக்கா. கூடாரத்த மட்டும் விட்டுட்டு வந்தா ஓநாய் வாடகை குடுக்குமா?"

"நீ ஏன் சொல்லல?"

"இதப் போய் யாராவது சொல்லுவாங்களா? பனி வெள்ளையா இருக்கும்னு சொன்னேனா?"

மலைக்குப் போகிறவர்கள் அவர் புத்தகத்தைப் படிப்பதில்லை. படிக்கிறவர்கள் மலைக்குப் போனதில்லை, ஒருத்தியைத் தவிர. உல்ஜான் அக்கா வேன் கதவைப் பிடித்துக்கொண்டார். அந்தப் பெண்ணைப் பற்றிச் சொல்லத்தான் வந்திருந்தார். வாயைத் திறந்தபோது அதற்குப் பதிலாக வெளியே வந்தது இதுதான்: "எனக்குக் குதிரை ஏறத் தெரியாது, குபாத்."

அவன் அதைச் சந்தைக்குக் கொண்டுபோனான். ஊர் சிரித்தது. அவரும் மறுக்கவில்லை. ஊரின் வாய்க்கு ஏதாவது கொடுத்தாக வேண்டும் என்றால், கையில் இருப்பதில் சின்னதைக் கொடுப்பது டிக்கெட் ஜன்னல்காரர்களின் பழக்கம்.

பிறகு ஞாயிற்றுக்கிழமைகளில் அவர் பள்ளி நூலகங்களுக்குப் போக ஆரம்பித்தார். மூன்றாவது புத்தகத்தின் பிரதிகளை வாங்கி, அறுபத்தோராம் பக்கத்தின் ஓரத்தில், 'செப்டம்பர் பிறந்துவிட்டால் இந்தக் கூடாரம் இருக்காது' என்று எழுதினார். நூலகர்கள், ஆசிரியர் கையெழுத்து போடுகிறார் என்று நினைத்து டீ கொடுத்தார்கள். வீடுகளில் இருக்கிற பிரதிகளுக்கு அவர் இன்னும் போகவில்லை. வீட்டுக்குப் போனால் எதற்கு என்று கேட்பார்கள்.

சைகல் ஜன்னலுக்கு வந்தது பிப்ரவரியில். காலுக்கென்று தனியாகத் தைக்கும் காலணிக்கு மாதம் ஒருமுறை பிஷ்கெக் போக வேண்டும். அம்மா தள்ளி நின்று பெட்டிகளைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"ரெண்டு டிக்கெட், அக்கா." பிறகு குரலைத் தாழ்த்தினாள். "கூடாரம் அங்க இல்ல."

"தெரியும்."

"எப்பத் தெரியும்?"

"நவம்பர்ல."

"எனக்கு அக்டோபர்லயே தெரிஞ்சுடுச்சு."

உல்ஜான் அக்கா சில்லறையை எண்ணினார். மறுபடி எண்ணினார்.

"புல்லு வட்டமா வெளுத்துப் போயிருந்துச்சு," என்றாள் சைகல். "இதுதான் இடம்னு தெரிஞ்சுது. நடுவுல அடுப்பு இருந்த இடத்துல உக்காந்துக்கிட்டேன்."

"அம்மாகிட்டச் சொன்னியா?"

"சொன்னா புத்தகத்தத் தூக்கி அடுப்புல போட்டுடுவாங்க. நாலாவது வரணும்ல?"

"உனக்கு நான் என்ன செய்யணும், சொல்லு."

சைகல் இதை ஏற்கெனவே யோசித்து வைத்திருந்தாள். "தோல்குனுக்கும் ரெண்டு போகணும். இடது கால்ல, கடைசி ரெண்டு. அவ மட்டும் பத்து விரலோட ஓடிக்கிட்டு இருந்தா நான் எப்படி அக்கா படிக்கிறது?"

"எழுதுறேன்."

"எப்போ?"

"அடுத்த தடவை நீ வர்றதுக்குள்ள."

அதிலிருந்து உல்ஜான் அக்கா அந்த அத்தியாயத்தைப் பதினொரு முறை எழுதியிருக்கிறார். பனி நன்றாகவே வருகிறது. காலுறை நனைகிறது. கால் மரத்துப்போகிறது. அந்த இடத்துக்கு வந்ததும் யாராவது வந்துவிடுகிறார்கள். ஒருமுறை வேட்டைக்காரர், ஒருமுறை வானிலை நிலையத்துப் பெண், ஒருமுறை எங்கிருந்தோ ஒரு நாய் வந்து பாதத்தின்மேல் படுத்துக்கொண்டது. "வேணும்னு வரச் சொல்லல," என்கிறார். "அவங்களா வந்துடுறாங்க. விரல எடுக்கணும்னா பென்சில் கோடாரி மாதிரி கனக்குது." அந்த அக்டோபர் இரவில் ஒருவரும் ஏன் அப்படித் தானாக வரவில்லை என்று அவரிடம் கேட்க மனம் வராது. அவரே அதைத்தான் கேட்டுக்கொண்டிருக்கிறார் என்பது முகத்தில் தெரிகிறது.

பிஷ்கெக்கில் இருக்கும் பதிப்பாசிரியரிடம் தொலைபேசியில் யோசனை கேட்டார். ஜன்னல் வரிசை முழுவதும் காதில் வாங்கிக்கொண்டது. "விரலா? எதுக்கு அக்கா விரலெல்லாம்? புள்ளைங்க படிச்சிட்டு நிம்மதியாத் தூங்கணும். ஏதாவது அடிபட்டே ஆகணும்னா குதிரைக்குப் படட்டும்." உல்ஜான் அக்கா ஒரு கணம் அதை யோசித்துப் பார்த்ததாகத்தான் தோன்றியது. மூன்றாவது புத்தகத்தின் மறுபதிப்பில் மாதத்தை ஆகஸ்ட் என்று மாற்றலாமா என்றும் கேட்டார். "மாத்தலாம். பனிப்புயல எங்க கொண்டுபோய் வைக்கிறது?" என்றார் அவர்.

சென்ற செவ்வாய்க்கிழமை காலை பத்தே காலுக்கு சைகல் வந்தாள். புதுக் காலணி. நடை கொஞ்சம் இழுக்கிறது. சடை இல்லை, முடியைக் கழுத்தோடு வெட்டியிருந்தாள். அம்மா கடையில் ரொட்டி வாங்கிக்கொண்டிருந்தாள். உல்ஜான் அக்கா கேட்காமலேயே இரண்டு டிக்கெட்டுகளைக் கிழித்துக் கொடுத்தார். சில்லறையையும் கொடுத்தார். ஓநாயைப் பற்றி ஒன்றும் கேட்கவில்லை. சைகல் எல்லாவற்றையும் பையில் போட்டுக்கொண்டு, வெறும் கையை மறுபடி ஜன்னலுக்குள் நீட்டினாள், உள்ளங்கை மேலாக.

"பனி வரைக்கும் வந்துட்டேன்," என்றார் உல்ஜான் அக்கா.

"போன மாசமும் பனி வரைக்கும்தான் வந்திருந்தீங்க."

"இந்தத் தடவை காலுறை நனைஞ்சாச்சு."

"அதுவும் போன மாசமே நனைஞ்சாச்சு."

கை அசையவில்லை. பின்னாலிருந்து ஒருவர் குரல் கொடுத்தார்: "யாரும்மா அது, டிக்கெட் வாங்கியாச்சுல்ல? நகரு!" பயணிகள் பட்டியல்களுக்கு அடியில் பதினோராவது பிரதி இருந்தது. நாய் வருகிற, விரல் போகாத பிரதி. உல்ஜான் அக்கா அதன்மேல் கையை வைத்தார். பிறகு கையை எடுத்துவிட்டு, சுவரோரம் கிடந்த 'மதிய உணவு இடைவேளை' பலகையைத் தூக்கி, நீட்டியிருந்த அந்த விரல்களில் இடிக்காமல், கண்ணாடியில் மெல்லச் சாய்த்து வைத்தார்.