சவரிமுத்து அங்கிளுக்கு எழுதிய சாவு

கோலாலம்பூர் பிரிக்ஃபீல்ட்ஸில் பசியாறிக்கொண்டிருந்தபோது ஒப்பனைக் கலைஞர் மேகலா அக்காவின் குரல்செய்தி வந்தது. "குணா அண்ணன் போயிட்டாரும்மா. கிள்ளான் ஆஸ்பத்திரியில. நாளைக்கு எடுக்கிறாங்க."

தொலைக்காட்சித் தொடர்களுக்குத் திரைக்கதை எழுதிய குணாளனை வெளியே அதிகம் பேருக்குத் தெரியாது. கூட வேலை செய்த எங்களுக்கு அவருடைய வழக்கம் ஒன்று நினைவிருக்கும். ஒரு பாத்திரத்தைச் சாகடிக்கும் முன், நடிப்பவரின் வீட்டுக்கே போய்ச் சொல்லிவிடுவார். "ஷூட்டிங்ல வந்து தெரிஞ்சுக்கக் கூடாது" என்பார். அவர் வாசலில் நின்றாலே நடிகர்கள் கதவைத் திறக்கத் தயங்குவார்கள்.

ஒரு தொடரில் தாத்தாவாக நடித்த சவரிமுத்து அங்கிள் வசனம் மறக்கத் தொடங்கினார். "கிழவர முடிச்சுடுங்க" என்றார் தயாரிப்பாளர். அத்தொடருக்கு மலாய் மொழிபெயர்ப்பு வரிகள் எழுதிய நானும் கம்போங் மேடான் அடுக்குமாடியில் இருந்த அங்கிள் வீட்டுக்கு அண்ணனோடு போனேன்.

கதவைத் திறந்த அங்கிள் சிரித்தார். "வாடா எமா. எப்படிச் சாகறேன்?"

மேசைமேல் அடுத்த வார வசனம் கிடந்தது. அவர் மனைவி அதை வரிவரியாகச் சொல்லிக்கொடுத்துக்கொண்டிருந்தார். அண்ணனுக்கு மனம் வரவில்லை.

"சாகல அங்கிள். ஸ்ட்ரோக் வந்து படுத்துடுறீங்க. வசனமே இல்லலா."

அங்கிளின் சிரிப்பு நின்றது. அண்ணன் கவனிக்கவில்லை.

தயாரிப்பாளரிடம் சண்டை போட்டு அதைச் சாதித்தார். அங்கிள் வாரக்கணக்கில் விளக்குகளுக்குக் கீழே கண்மூடிக் கிடந்தார். அவர் தலைக்கு மேலேயே இளம் நடிகர்கள் மதியச் சாப்பாட்டைப் பற்றிப் பேசினார்கள். ஒருநாள் போர்வையை விலக்கி அண்ணனைக் கூப்பிட்டார்.

"நல்ல சாவா ஒண்ணு குடுத்திருக்கலாமேடா. இத்தனை வருஷம் நடிச்சும் ஒரு தடவகூட டிவில செத்ததில்ல."

அண்ணன் சாவுக் காட்சி கேட்டுத் தயாரிப்பாளரிடம் ஓடினார். "கொல்லச் சொன்னப்ப மாட்டேன்னீங்க. இப்ப டைம் இல்ல பாஸ்" என்றார் தயாரிப்பாளர். சுவரில் மாலை போட்ட படம் ஒன்றை மாட்டி அங்கிளை முடித்தார்கள். அண்ணனை அடுத்த தொடருக்குக் கூப்பிடவில்லை. பிறகு யாருமே கூப்பிடவில்லை. துணிக்கடை விளம்பரங்களுக்கு எழுதிக் காலம் தள்ளினார்.

ஆனால் அந்தச் சாவை எழுதினார். என்னையும் கூட்டிக்கொண்டு மறுபடி அங்கிள் வீட்டுக்குப் போய், "எப்படிப் போகணும் அங்கிள்?" என்று கேட்டுக் கேட்டு எழுதினார். வீட்டு சோபாவிலேயே அங்கிள் நடித்தார். மறந்த வரிகளை மனைவி எடுத்துக்கொடுத்தார். கடைசியில் தலை சாய்ந்தது.

"போதும், எந்திரிங்க" என்றார் மனைவி, கண்ணைத் துடைத்துக்கொண்டு.

அங்கிள் உடனே எழவில்லை. கொஞ்ச நேரம் செத்தே கிடந்துவிட்டுத்தான் கண் திறந்தார்.

லிஃப்டில் இறங்கும்போது அண்ணன் சொன்னார்: "நான் எழுதினதுல இது ஒண்ணுதான் கேட்டு எழுதினது."

அவர் பெயர் திரையில் ஓடிய தொடர்கள் பல. என் நினைவில் இருப்பது, யாரும் படம்பிடிக்காத அந்தச் சாவு.