அணைந்து அணைந்து போன கட்டுத்தறி விளக்கு

காந்திபுரத்தில் ரேடியோ ரிப்பேர் செய்துவந்த ஜபருல்லாவுக்கு ஒரு பொருள் நன்றாக ஓடினாலே தூக்கம் வராது. அது ஏன் ஓடுகிறது என்று திறந்து பார்த்தாக வேண்டும். மனைவி உம்மல் குல்சும் புது மிக்ஸியைப் பீரோவில் வைத்துப் பூட்டியதற்கு அதுதான் காரணம். தொண்ணூற்றாறில் ரிமோட்டில் ஓடும் பொம்மைக் கார் ஒன்று அவர் கையில் சிக்கியது. விடுவாரா? பிரித்து, அந்த ஒயரில்லாத வித்தையை ஒரு பல்போடு இணைத்துவிட்டார். பட்டனை ஒருமுறை அமுக்கினால் விளக்கு எரியும், மறுமுறை அமுக்கினால் அணையும்.

அதை முதலில் வாங்கியவர், சூலூர் தாண்டித் தோட்டத்து வீட்டில் தனியாக இருந்த பழனியாத்தாள். கால் முறிந்து தேறியவர். வாசலைக் கடந்து, மாடுகள் கட்டும் கட்டுத்தறியில் இருக்கும் சுவிட்சுவரை அவரால் நடக்க முடியவில்லை. ஒயர் இழுத்தால் தென்னை மட்டை விழுந்து அறுத்துவிடுகிறது. "இருட்டுல உன்ன எப்படித் தனியா உட்டுட்டுப் போறது? மாட்ட வித்துப்போட்டு என்கூட வந்துரும்மா" என்று பீளமேட்டிலிருந்த மகன் கதிரேசன் பிடிவாதம் பிடித்தான். மாடுகளை விட்டுப்போக அவருக்கு மனமே இல்லை. இந்த விளக்கு எரிந்தால்தான் அவர் இங்கே இருக்க முடியும்.

ஜபருல்லா ரிமோட்டை ஒரு சோப்பு டப்பாவுக்குள் அடக்கி, மேலே காலிங்பெல் சுவிட்சைப் பொருத்திக் கொடுத்தார். மறுநாளே கதிரேசன் கடை வாசலில் நின்றான்.

"ஏனுங்க, எரிஞ்ச வேகத்துல அணைஞ்சுபோகுதுங்க. நானும் அம்மா பக்கத்துலயேதான் நின்னனுங்க."

ஜபருல்லா பகலில் போய் அமுக்கிப் பார்த்தார். சமர்த்தாக எரிந்தது. பழனியாத்தாளை அமுக்கச் சொன்னார். அப்போதும் எரிந்தது. அன்று சாயங்காலமே மறுபடி அணைந்துவிட்டதாம். கிணற்று மோட்டார்மேல் சந்தேகப்பட்டார், பக்கத்துத் தோட்டத்து டிவிமேல் சந்தேகப்பட்டார், தலைக்குமேல் பறந்த விமானத்தைக்கூட அவர் விடவில்லை. பகலில் ஒழுங்காக இருந்து பொழுது சாய்ந்ததும் மக்கர் செய்யும் பொருளை அவர் கண்டதே இல்லை. உண்மையைச் சொன்னால், எரிச்சலைவிட அவருக்கு ஆசைதான் அதிகமாக இருந்தது.

"இன்னைக்கும் அணைஞ்சா நாளைக்கு மாட்டு யாவாரியக் கூட்டிட்டு வந்துருவனுங்க" என்றான் கதிரேசன். ஜபருல்லா பொழுது சாயும்வரை தோட்டத்து வீட்டு வாசலிலேயே உட்கார்ந்துவிட்டார்.

கட்டிலில் உட்கார்ந்தபடி பழனியாத்தாள் அமுக்கினார். கட்டுத்தறியில் விளக்கு எரிந்தது. உடனே கண்ணை மூடி, விளக்கைக் கும்பிட்டார். சோப்பு டப்பா அவருடைய இரண்டு உள்ளங்கைகளுக்கும் நடுவில் இருந்தது. விளக்கு அணைந்தது. பக்கத்தில் நின்ற கதிரேசனும் கைகூப்பிக் கண்ணை மூடியிருந்தான்.

கண்ணைத் திறந்ததும் அவன், "பாத்தீங்களா?" என்றான்.

"நான் பாத்தேனுங்க. நீங்கதான் பாக்கலைங்க." ஜபருல்லாவுக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை. பட்டப்பகலில் யார் விளக்கைக் கும்பிடப்போகிறார்கள்? "அம்மா, டப்பாவ மடியில வெச்சுப்போட்டு அப்பறம் கும்பிடுங்க."

பழனியாத்தாள் மறுபடி அமுக்கி, டப்பாவை மடியில் வைத்துவிட்டுக் கும்பிட்டார். கண்ணைத் திறந்தபோது மாடுகள் மூன்றும் வெளிச்சத்தில் நின்று அசைபோட்டுக்கொண்டிருந்தன. கொஞ்ச நேரம் அவற்றையே பார்த்தார். பிறகு மகன் பக்கம் திரும்பினார்.

"நீ பொறப்படு கண்ணு. நான் வரலை."