அரை மணித்தியாலம் முந்தின எக்ஸ்பி

பழசைப் புதுசாக்கத்தான் சனம் வரும் எண்டு நம்பி மல்லாவியில கொம்பியூட்டர் திருத்துற கடை திறந்தனான். இதே தொழிலில அம்பிட்டுக் கிடக்கிற உங்களுக்கு, வந்தது என்னெண்டு சொல்லத் தேவையில்லை.

புதுப் பெட்டி

எங்கட ஊர்ச் சாத்திரியார் மட்டைப் பெட்டிகூடப் பிரிக்காத புதுக் கொம்பியூட்டரை மேசையில வைச்சு, "இதுக்குப் பழைய விண்டோஸ் எக்ஸ்பி போட்டுத் தா" எண்டார். எனக்குத் தூக்கிவாரிப் போட்டுது. அது செத்து எத்தினை வருசம்! அவர் சாதகம் கணிக்கிற புரோகிராம் எக்ஸ்பியில மட்டும்தான் ஓடுமாம். அதை வைச்சிருந்த பழைய மிசினை மின்னல் அடிச்சுக் கொண்டுபோட்டுது.

ஏலாது எண்டு சொல்லவும் வழியில்லை. எனக்கும் வவுனியாச் செல்விக்கும் கலியாணம் பேசி முற்றாகியிருக்கு. ரெண்டு பேருக்கும் செவ்வாய் தோசம், அதால நல்ல பொருத்தம் எண்டு சேர்த்துவிட்டதே இவர்தான். இனி நாள் வைக்கவேண்டியதும் இவர்தான். செல்வி இல்லாட்டி எனக்கு வேற ஒருத்தியும் வேண்டாம்.

"ஐயா, புது விண்டோசுக்கு ஏத்த புரோகிராம் ஒண்டு வாங்குவமே?" எண்டு கெஞ்சினன்.

"தம்பி, கிரகம் ஒண்டும் மாறேல்லை. விண்டோஸ் மட்டும் ஏன் மாறவேணும்?"

நீலத் திரை

சீடி போட அதில ஓட்டையே இல்லை. பென்டிரைவால ஏத்தினன், நீலத் திரை. திரும்ப ஏத்தினன், மௌஸ் செத்துது. மூண்டு நாள் மல்லுக்கட்டினதைப் பார்த்த சாத்திரியார், வியாழக்கிழமை பத்து மணிக்குத் தொடங்கச் சொன்னார். அண்டைக்கு நான் வேற வழி பிடிச்சு, புது விண்டோசுக்குள்ளேயே ஒரு புரோகிராம் மாதிரிப் பழசை ஓடவிட்டன். பச்சைப் புல்வெளியோட எக்ஸ்பி வந்து நிண்டுது!

"உன்ர கெட்டித்தனமில்லைத் தம்பி, நான் சொன்ன நேரம்."

ரெண்டு மணிக்கூடு

ஒரே திரையில ரெண்டு நேரம்: வெளியில பதினொண்டு, எக்ஸ்பிக்குள்ள பதினொண்டரை. ஒருகாலம் அரசாங்கம் நாட்டு நேரத்தை அரை மணித்தியாலம் கூட்டி வைச்சுப் பிறகு குறைச்சது எல்லோ? எக்ஸ்பி இன்னும் அங்கதான் நிக்குது. சாதகத்தையும் அதை வைச்சுத்தான் கணிக்குது. ஆனா அப்ப இயக்கத்தின்ர கையில இருந்த வன்னியில எங்கட ஆக்கள் மணிக்கூட்டை மாத்தவே இல்லை. நான் பிறந்தது அந்தக் காலத்தில, இதே மல்லாவியில. என்ர பிறந்த நேரம் பழைய நேரம், எக்ஸ்பி அதைப் புது நேரமெண்டு எடுத்திருக்கு.

எக்ஸ்பியின்ர நேரத்தைச் சரியாக்கி, என்ர சாதகத்தைத் திரும்பப் போட்டன். பன்னிரண்டாம் வீட்டில இருந்த செவ்வாய் பதினோராம் வீட்டுக்குப் போயிட்டார். கடவுளே, எனக்குத் தோசமே இல்லை! துள்ளப் போன நான் அப்பிடியே கதிரையில இருந்திட்டன். செல்வி பிறந்தது வவுனியாவில, அது அரசாங்கத்தின்ர பக்கம், அங்க அப்ப புது நேரம். அவளின்ர சாதகம் சரி, தோசமும் அப்பிடியே இருக்கு. தோசமில்லாத பொடியனுக்குத் தோசமுள்ள பிள்ளையோ? நான் தலைகீழா நிண்டாலும் அம்மா சம்மதிக்கமாட்டா.

பக்கத்தில இருந்து எல்லாத்தையும் பார்த்த சாத்திரியார் கண்ணாடியைக் கழட்டித் துடைச்சார். வாசலை ஒருக்கா எட்டிப் பார்த்தார். பிறகு குரலைத் தாழ்த்தினார்.

"எக்ஸ்பி சொன்னாச் சொன்னதுதான் தம்பி. அதின்ர மணிக்கூட்டில உன்னை ஆர் கை வைக்கச் சொன்னது? முந்தி இருந்த மாதிரியே வை."

இப்ப என்ர கடையில எல்லாக் கொம்பியூட்டரும் சரியான நேரத்தில ஓடுது. என்ர கலியாணம் மட்டும் எக்ஸ்பி நேரத்தில நடக்கப்போகுது.