ஆட்டுக்குக் காவல்

நெய்வேலியில், மைன்ஸ் கண்ட்ரோல் ரூமில் எட்டு மணி நேரம் திரையைப் பார்ப்பது என் வேலை. குவார்ட்டர்ஸுக்கு வந்ததும் இளைப்பாறப் போனைப் பார்ப்பேன். கண் எரிந்து நீர் வழிந்தது.

"இப்படியே போனா இந்த வேலைக்கு அன்ஃபிட்தான். மரம், செடின்னு பச்சையா எதையாவது பாருங்க" என்றார் டாக்டர்.

காடாம்புலியூர் முந்திரித் தோப்புக்குப் போனேன். போய் என்ன செய்தேன்? வீட்டில் படுத்துக்கொண்டு பார்க்கலாமே என்று பச்சையை வீடியோ எடுத்தேன். அழகாக ஓர் ஆடும் படத்துக்குள் வந்தது.

"யோவ்! ஆடு என் பழத்தத் துன்னுது, நீ படம் புடிச்சிகினு நிக்கிற!"

முந்திரிப்பழம் பொறுக்கிக்கொண்டிருந்த ஓர் அக்கா ஓடிவந்து, போனைப் பிடுங்கி முந்தானையில் முடிந்துகொண்டார். "நான் சாப்ட்டு வர்ற வரைக்கும் நீயே காவல் இரு!"

பயந்துபோய்க் காவல் இருந்தேன். தூரத்தில் ஆடு, கிளையில் அணில், இலைகளுக்கு நடுவே வானம் என்று கண் ஓடிக்கொண்டே இருந்தது. அக்கா திரும்பி வந்தபோதுதான் கவனித்தேன், கண்ணில் எரிச்சலே இல்லை.

போனை நீட்டினார்.

"இன்னும் கொஞ்ச நேரம் வச்சிருங்கக்கா."

"இன்னாத்துக்கு?"

"ஆடு திரும்ப வந்தாலும் வரும்."

அதன்பின் லீவு நாளெல்லாம் காவலுக்குப் போனேன். கண் பரிசோதனையில் தேறியதும் டாக்டருக்கு நன்றி சொன்னேன். அக்காவுக்கு இனிப்பு கொடுத்தேன். அவர் பார்க்காத நேரத்தில், அந்த ஆட்டுக்கும் ஒரு பழம்.