பதினெட்டில் ஓட வேண்டிய படம்

ஷார்ஜாவில் ஒரு ஹாலில் பதினோரு வருடம் புரொஜெக்டர் ஆபரேட்டராக இருந்தேன். ஷோ நடுவில் லேம்ப் போயிருக்கிறது, லேப்டாப் மக்கர் செய்திருக்கிறது. அதற்கெல்லாம் நான் தூக்கம் கெட்டதில்லை. எல்லா மிஷினும் ஒழுங்காக ஓடிய ஒரு வெள்ளிக்கிழமை மதியம்தான் இன்னும் உறுத்துகிறது.

அன்று ஜப்பான்காரர்களின் பழைய பேசாப்படம். ஒரு வீட்டு வேலைக்காரியின் பாடு. திருட்டுப் பழி போட்டு எஜமானி அவளை வெளியே தள்ளுகிறாள். மூடிய கதவைப் பார்த்துக் குனிந்து வணங்கிவிட்டு அவள் நடக்கிறாள். முந்தின நாள் டெஸ்ட் போட்டபோது, ஹாலில் கிளீனிங் பார்க்கும் மணப்பாட்டு ஸ்டெல்லா மாப்பைப் பிடித்தபடி நின்று கடைசிவரை பார்த்தாள். அழுதாள்.

“குவைத்துல, ஃபஹாஹீல்ல நான் வேலைக்கு நின்ன வீட்டுலயும் இப்பிடித்தான் அண்ணே தள்ளுனாவ. ரூம்ல உள்ளவளுவ நம்பவே மாட்டுக்காளுவ. களவாண்டுட்டு ஓடி வந்தவன்னு பேசுதாளுவ. நாளைக்கு அவளுவள கூட்டிட்டு வரட்டா?”

மறுநாள், முவைலாவில் அவள் தங்கியிருந்த ரூமிலிருந்து நாலு பெண்களோடு வந்து கடைசி வரிசையில் உட்கார்ந்தாள்.

சீஃப் கெஸ்ட் இருபது நிமிடம் லேட். ஐந்து மணிக்கு ஹாலை ஒரு பள்ளிக்கூட விழாவுக்குக் கொடுத்தாக வேண்டும். ஹால் மேனேஜர் என் புரொஜெக்டர் கேபினுக்கு வந்தார்.

“ஸ்பீட ஏத்துப்பா. சவுண்டே இல்லாத படம், யாருக்குத் தெரியப் போகுது?”

பேசும் படமென்றால் குரல் கீச்சென்று காட்டிக்கொடுத்துவிடும். இதில் அந்தப் பயம் இல்லை. நொடிக்குப் பதினெட்டு ஃபிரேமில் ஓட வேண்டியதை இருபத்துநாலுக்கு ஏற்றினேன்.

திரையில் அந்த வேலைக்காரி விழுந்தடித்து வெளியே வந்தாள். கோழி கொத்துவது போலக் கதவைக் கும்பிட்டாள். ஹால் முழுக்கச் சிரிப்பு. கடைசி வரிசையிலும் சிரித்தார்கள். மறுபடி பதினெட்டுக்கு இறக்க ஒரு கிளிக் போதும். மேனேஜர் பக்கத்திலேயே நின்றார், நான் கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். படம் நேரத்துக்கு முடிந்தது. அவர் தோளில் தட்டினார். வெட்கமில்லாமல் எனக்கு அது பிடித்தும் இருந்தது.

“நல்ல தமாஷ்க்கா. இதுக்கா நேத்து அழுதேன்னு சொன்ன?” என்று ஒருத்தி கேட்டுக்கொண்டே போனாள்.

ஸ்டெல்லா கேபின் வாசலுக்கு வந்தாள்.

“அண்ணே, நேத்து போட்டதும் இந்தப் படந்தானா?”

இந்த வேலைக்குப் புதிதாக வருகிறவர்களுக்கு ஒன்று சொல்வேன். பழைய படம் வந்தால் முதலில் ஃபிரேம் ரேட் பாருங்கள். யார் அவசரப்படுத்தினாலும் அதில் கை வைக்காதீர்கள். வைத்துவிட்டால், கேட்பவரிடம் உண்மையையாவது சொல்லுங்கள்.

நான், “இதே படந்தான்மா” என்றேன்.

“அப்ப எனக்குத்தான் வெளங்கல போல,” என்று சொல்லிவிட்டு, பள்ளிக்கூட விழாவுக்கு ஹாலைத் துடைக்கப் போனாள்.